படம் எடுத்த ஊரில் படம் ஓட வேண்டும்

ஆனந்த் பட்வர்தன் 1985-ல் எடுத்து முடித்த 'பம்பாய்: நமது நகரம்' படத்தில் ஒரு பெண் கேமராவோடு சண்டைக்கு வருகிறார். குடிசை இடிபட்ட ஆத்திரத்தில் இருக்கிறவர். ஏழைகளைப் படம் பிடித்துப் பேர் வாங்கிக்கொண்டு போய்விடுவீர்கள், எங்களுக்கு உங்களால் ஆவது என்ன என்று கேட்கிறார். படத்தொகுப்பில் நீக்கியிருந்தால் அப்படி ஒரு கேள்வி எழுந்ததே வெளியில் யாருக்கும் தெரிந்திருக்காது. பட்வர்தன் நீக்கவில்லை. தன்னைக் குற்றவாளிக் கூண்டில் நிறுத்தும் அந்தப் பேச்சைப் படத்துக்குள்ளேயே வைத்தார்.

ஒரு சமூகத்தைப் பற்றி ஆவணப்படம் எடுக்கிற எவரும் அந்தப் பெண்ணுக்குப் பதில் சொல்லக் கடமைப்பட்டவர். ஆனால் இந்தத் துறையில் விவாதம் பெரும்பாலும் வேறொரு கேள்வியைச் சுற்றியே நடக்கிறது: அந்தச் சமூகத்தில் பிறந்தவர்தான் எடுக்க வேண்டுமா, வெளியார் எடுக்கலாமா? முக்கியமான கேள்விதான். அதை மட்டும் கேட்டு நிறுத்திவிட்டால் பாதி விஷயம் கைநழுவிவிடும். எடுத்த படம் அந்த மக்களிடம் திரும்பிப் போகிறதா, பார்த்துவிட்டு அவர்கள் சொல்வதைக் கேட்டு ஏதாவது மாறுகிறதா என்பதையே நான் முதலில் வைப்பேன். ஆவணப்படத்தின் நூறாண்டு வரலாற்றை இந்தக் கோணத்தில் புரட்டிப் பார்ப்பது பயனுள்ளது.

மனிதர்களை இனவாரியாகப் பிரித்துப் படம் பிடிக்கும் வேலை சினிமாவுக்கு முந்தியது. அதற்குச் சென்னையிலேயே சான்று உண்டு. எழும்பூர் அருங்காட்சியகத்தின் கண்காணிப்பாளராக 1885 முதல் 1908 வரை இருந்த எட்கர் தர்ஸ்டன், தென்னிந்திய மக்களின் மண்டையையும் மூக்கையும் கருவி வைத்து அளந்தார், புகைப்படங்களும் எடுத்தார். கே. ரங்காச்சாரியின் துணையோடு அவர் எழுதிய 'தென்னிந்தியக் குலங்களும் குடிகளும்' 1909-ல் ஏழு தொகுதிகளாக வந்தது. இன்றும் ஆய்வாளர்கள் தேடிப் போகும் தகவல் களஞ்சியம் அது. ஆனால் அந்தப் படங்களில் நிற்கும் மனிதர்களில் பலருக்குப் பெயர் இல்லை. குலத்தின் பெயரே படத்துக்குக் கீழே இருக்கிறது. ஒருவர் தன் கூட்டம் முழுவதற்கும் மாதிரிச் சரக்காக நிறுத்தப்படுகிறார். இந்தப் பார்வைதான் பிற்பாடு சினிமாவுக்கும் வந்து சேர்ந்தது.

நம் வீடுகளில் மூத்தவர்களுக்கு நினைவிருக்கும். திரையரங்கில் படம் தொடங்குமுன் 'நியூஸ் ரீல்' ஓடும். 1948-ல் தொடங்கப்பட்ட ஃபிலிம்ஸ் டிவிஷன் எடுத்த படங்களைத் திரையரங்குகள் கட்டாயமாகப் போட வேண்டும் என்ற விதி இருந்த காலம். கறுப்பு வெள்ளையில் ஒரு மலைக்கிராமம், நடவு நடும் பெண்கள், மேலே கணீரென்று ஓர் ஆண் குரல். அந்தப் பெண்கள் என்ன நினைக்கிறார்கள் என்பதைக் குரல் சொல்லும். பெண்கள் வாய் திறக்கமாட்டார்கள். அதே நிறுவனத்துக்குள்ளிருந்தே எஸ்.என்.எஸ். சாஸ்திரி 1967-ல் 'ஐ ஆம் 20' எடுத்தார். நாடு விடுதலை பெற்ற ஆண்டில் பிறந்த இளைஞர்கள் அதில் தாங்களே பேசினார்கள், கனவையும் கசப்பையும் சேர்த்தே. ஆனால் அது விதிவிலக்கு.

உலக அளவில் இந்த விவாதம் எப்போதும் ராபர்ட் ஃப்ளாஹர்ட்டியிலிருந்து தொடங்கும். அவரது 'நானூக் ஆஃப் த நார்த்' 1922-ல் வெளிவந்தது. கனடாவின் வட கியூபெக்கில், இப்போது இனுக்ஜுவாக் என்று அழைக்கப்படும் ஊரில், ஒரு மென்மயிர் வணிக நிறுவனத்தின் பணத்தில் எடுக்கப்பட்ட படம். நானூக்காக வருகிறவரின் உண்மைப் பெயர் அல்லாகரியல்லாக். மனைவியாக வருகிறவர் அவருடைய மனைவி அல்லர். பனிவீட்டுக்குள் கேமராவுக்கு வெளிச்சம் போதாது என்று பாதி வீடு மட்டும் கட்டி அதற்குள் குடும்பத்தைத் தூங்க வைத்தார்கள். துப்பாக்கி பழகிவிட்ட மக்களை ஈட்டியோடு வால்ரஸ் வேட்டைக்கு அனுப்பினார் ஃப்ளாஹர்ட்டி. கிராமபோன் தட்டை முதன்முதலாகப் பார்ப்பவர்போல நானூக் அதைக் கடித்துப் பார்க்கும் காட்சியும் நடிப்புதான்.

இவற்றை அடுக்கி 'எல்லாம் பொய்' என்று தீர்ப்பு எழுதுவது திரைப்படக் கல்லூரிகளில் வழக்கமாகிவிட்டது. எனக்கு அதில் முழு உடன்பாடு இல்லை. எடுத்த ஃபிலிமை ஃப்ளாஹர்ட்டி அங்கேயே கழுவி அந்த மக்களுக்குப் போட்டுக் காட்டினார். அவர்கள் யோசனை சொன்னார்கள், உடன் உழைத்தார்கள். அந்தக் காலத்தில் வேறு எந்த வெள்ளைக்காரப் படக்காரரும் நினைத்துக்கூடப் பார்க்காத காரியம் அது. அவருக்கும் முன்பே, 1898-ல் டாரஸ் நீரிணைத் தீவுகளுக்குப் போன ஆல்ஃபிரட் ஹேடன், மதபோதகர்களால் நின்றுபோயிருந்த ஒரு சடங்கை அட்டையில் முகமூடி செய்ய வைத்து மறுபடி ஆடச் சொல்லித்தான் படமெடுத்தார். நிகழ்த்திக் காட்டுவது ஆவணப்படத்தோடு கூடப்பிறந்தது.

நடிக்க வைப்பதே குற்றமானால் ஸகாரியாஸ் குனூக்கையும் குற்றவாளி என்றுதான் சொல்ல வேண்டும். நானூக்கைப்போலவே இனுயிட் இனத்தவர், இக்லூலிக் என்ற ஊரைச் சேர்ந்தவர். மாவுக்கல் சிற்பங்களை விற்ற காசில் 1981-ல் வீடியோ கேமரா வாங்கியவர். தங்கள் மொழியில் நிகழ்ச்சி இல்லாத தொலைக்காட்சி வேண்டாம் என்று வாக்களித்த ஊர் அது. அவரும் கூட்டாளிகளும் 1990-களில் எடுத்த 'நூனாவுட்' தொடர் 1940-களின் வாழ்க்கையை அப்படியே மறு ஆக்கம் செய்தது. பனிவீடு கட்டினார்கள், பழைய உடை தைத்தார்கள், நாய்வண்டி ஓட்டினார்கள். ஃப்ளாஹர்ட்டி செய்ததும் குனூக் செய்ததும் மேலோட்டமாக ஒன்றுதான். ஆனால் எந்தக் காலத்தைக் காட்டுவது, எதற்காகக் காட்டுவது என்பதைக் குனூக்கின் ஊர்ப் பெரியவர்களே முடிவு செய்தார்கள். அந்த வாழ்க்கையை நேரில் வாழ்ந்தவர்கள் பக்கத்தில் நின்று திருத்தினார்கள். ஃப்ளாஹர்ட்டியோ துப்பாக்கி உண்டு, கிராமபோன் உண்டு, வணிகக் கிட்டங்கி உண்டு என்ற நிகழ்காலத்தை மறைத்தார். அந்த மக்களுக்கு வரலாறே கிடையாது என்று உலகம் நம்பும்படி செய்தார். குறை அங்கேதான் இருக்கிறது.

அதன்பின் நடந்ததையும் சொல்ல வேண்டும். ஃப்ளாஹர்ட்டி அந்த ஊருக்குத் திரும்பிப் போகவே இல்லை. அங்கே ஓர் இனுயிட் பெண்ணிடம் அவருக்குப் பிறந்த மகன் ஜோசஃபி தந்தையின் முகத்தைப் பார்த்ததில்லை. 1953 முதல் 1955 வரை கனடா அரசு இனுக்ஜுவாக் குடும்பங்களை ஆயிரம் கிலோமீட்டருக்கும் அப்பால், கொடும் குளிர் நிறைந்த வட துருவத் தீவுகளுக்குக் கொண்டுபோய் இறக்கியது. ஜோசஃபியின் குடும்பமும் அதில் ஒன்று. விரும்பினால் திரும்பி வரலாம் என்ற வாக்குறுதி காப்பாற்றப்படவில்லை. அரசு மன்னிப்புக் கேட்க 2010 ஆனது. இதற்கு அந்தப் படம் காரணம் என்று யாரும் சொல்ல முடியாது. ஆனாலும் பனியில் எங்கே விட்டாலும் இவர்கள் சிரித்துக்கொண்டே பிழைத்துக்கொள்வார்கள் என்ற எண்ணம் வெளியுலகில் பரவக் காரணமான பிம்பங்களில் அதற்கு முதலிடம் உண்டு.

திருப்பிக் காட்டுவதை ஒரு முறையாகவே ஆக்கியவர் பிரான்சின் ஷான் ரூஷ். நைஜர் ஆற்றில் நீர்யானை வேட்டையாடும் சொர்க்கோ மீனவர்களைப் பற்றி 1950-களின் தொடக்கத்தில் ஒரு படம் எடுத்தார். பிறகு அதை அயோரு என்ற அவர்களுடைய ஊருக்கே கொண்டுபோய்த் திரை கட்டிக் காட்டினார். திரையில் தெரிவது தாங்கள்தான் என்று புரிந்ததும் ஊரார் திரும்பத் திரும்பப் போடச் சொன்னார்கள். பிறகு விமர்சனம் வந்தது. வேட்டைக் காட்சிக்கு ரூஷ் வேடர்களின் பாரம்பரிய இசையைப் பின்னணியாகச் சேர்த்திருந்தார். விறுவிறுப்பாக இருக்கும் என்று நினைத்திருக்கிறார். மீனவர்கள் மறுத்தார்கள்: நீர்யானைக்குக் காது கூர்மை, வேட்டையில் சத்தமே கூடாது, இப்படி இசை கேட்டால் அது ஓடிப்போய்விடும். ரூஷ் இசையை நீக்கிவிட்டார்.

சின்ன விஷயம்போலத் தோன்றும். எனக்கு இது ஆவணப்பட வரலாற்றின் மிகப் பெரிய நிகழ்வுகளில் ஒன்றாகப் படுகிறது. பாரிஸில் எந்தப் பேராசிரியரும் சொல்லியிருக்க முடியாத திருத்தத்தை எழுத்தறியாத வேடர்கள் சொன்னார்கள், இயக்குநர் கீழ்ப்படிந்தார். அதோடு நிற்கவில்லை. டமூரே ஸிகா போன்ற நண்பர்கள் அடுத்த படங்களில் பங்காளிகள் ஆனார்கள். அபிஜான் நகரின் கூலித் தொழிலாளர்களைப் பற்றிய 'முவா, அன் நுவார்' என்ற 1958-ஆம் ஆண்டுப் படத்தில், அதில் நடித்த ஊமரூ காந்தாவே ஓடும் படத்தைப் பார்த்துக்கொண்டு தன் வாழ்க்கைக்குத் தானே பின்னணிக் குரல் கொடுத்தார். பத்தாண்டுகளில் காந்தா சொந்தமாகப் படம் இயக்கத் தொடங்கினார்.

ரூஷும் தப்பவில்லை. அக்ராவில் புலம்பெயர் தொழிலாளர்கள் சாமியாடும் சடங்கை அவர் 1955-ல் 'லே மெத்ர ஃபூ' என்ற படமாக வெளியிட்டார். ஆளுநரும் தளபதியும் ஆவியாக வந்து இறங்க, வாயில் நுரை தள்ளும், நாயைக் கொன்று தின்னும் காட்சிகள். சடங்கின் பூசாரிகளே தங்களைப் படமெடுக்கச் சொல்லி அழைத்திருந்தார்கள். பாரிஸில் ஆப்பிரிக்க மாணவர்கள் கொதித்தார்கள். இனவாதிகளின் கையில் கொடுத்த ஆயுதம் என்றார்கள். பிரிட்டிஷ் காலனி அரசும் தடை செய்தது, ஆட்சியாளர்களைக் கேலி செய்கிறது என்று. செனகலின் உஸ்மான் செம்பேன் 1965-ல் ரூஷிடம் நேருக்கு நேர் சொன்னது இன்றுவரை பேசப்படுகிறது: எங்களைப் பூச்சிகளைப்போல உற்றுப் பார்க்கிறீர்கள் என்றார். கேமராவின் முன் ஆடியவர்கள் சம்மதித்தாலும், அந்தச் சம்மதம் அவர்களோடு சேர்த்து எடைபோடப்படுகிற மற்றவர்களைக் கட்டுப்படுத்துமா? ரூஷிடம் இதற்கு முழுமையான பதில் இருந்ததாகத் தெரியவில்லை.

பிரேசிலில் வின்சென்ட் கரெல்லி தொடங்கிய 'வீடியோ நாஸ் ஆல்டெயாஸ்' இயக்கம் 1987-ல் நாம்பிக்குவாரா பழங்குடிகளிடம் போனது. ஒரு பெண் பூப்படைந்த விழாவைப் படமாக்கி அன்றே காட்டினார்கள். மக்களுக்குத் திருப்தி இல்லை, மேலே துணி அதிகம் என்றார்கள். அடுத்த முறை உடம்பில் வண்ணம் பூசிக்கொண்டு விழாவை முறைப்படி நடத்தினார்கள். அதையும் பார்த்த உற்சாகத்தில், இருபது ஆண்டுகளுக்கு மேலாகக் கைவிட்டிருந்த உதடும் மூக்கும் குத்தும் சடங்கை இளைஞர்களுக்கு மறுபடி செய்தார்கள். இது அசலா, கேமராவுக்காகச் செய்ததா என்று கேட்பவர்கள் உண்டு. அடையாளம் ஏற்கெனவே முடிந்துபோன பொருள், அதைப் பதிவு செய்வதுதான் படத்தின் வேலை என்று நினைப்பவர்களின் கேள்வி அது. தங்களைத் தாங்களே பார்த்து, எப்படித் தெரிய வேண்டும் என்று தீர்மானிப்பதும் அந்த மக்களின் வாழ்க்கையில் ஒரு பகுதிதான்.

கனடாவின் அபெனாக்கி இயக்குநர் அலானிஸ் ஒபொம்சாவின் முதலில் ஒலிப்பதிவுக் கருவியோடு தனியாகப் போய் மணிக்கணக்கில் கேட்பார். கேமராவும் ஆட்களும் பிறகுதான். 1990-ல் மோஹாக் மக்கள் தங்கள் மயான நிலத்தில் கோல்ஃப் மைதானம் விரிவாவதை எதிர்த்து 78 நாட்கள் நின்றபோது, ராணுவ முள்வேலிக்கு உள்பக்கம் தங்கி அவர் எடுத்த 'கானசதாகே' 1993-ல் வந்தது. ஜப்பானின் ஒகாவா ஷின்சுகே இன்னொரு எல்லைக்குப் போனார். நரிதா விமான நிலையத்துக்கு நிலம் பறிபோவதை எதிர்த்த விவசாயிகளோடு பல ஆண்டு வாழ்ந்து சன்ரிசுகா வரிசைப் படங்களை எடுத்தவர், 1970-களின் நடுவில் குழுவோடு யமகதா மாகாணத்தின் மகினோ கிராமத்துக்குக் குடிபெயர்ந்தார். படக்குழுவே நெல் பயிரிட்டது. கதிர் எப்போது பூக்கும், குளிர்காற்று எந்த வயலை எப்படித் தாக்கும் என்பதைத் தங்கள் வயலில் அளந்து பார்த்துவிட்டுத்தான் விவசாயியைப் பற்றிப் பேசினார்கள். மகினோ படம் முடிய 1986 ஆனது. அதன் சில கட்டங்களில் ஊர் மக்களே தங்கள் முன்னோர்களாக நடிக்கிறார்கள். எல்லோராலும் பத்தாண்டு ஒரு கிராமத்தில் கிடக்க முடியாது என்பது உண்மை. ஆனால் ஒரு வாரத்தில் ஒரு சமூகத்தை 'முடித்துவிட்டு' வரும் படங்களை மதிப்பிட இந்த அளவுகோல் நமக்கு வேண்டும்.

பட்வர்தனிடம் திரும்பலாம். 'பம்பாய்: நமது நகரம்' படத்தில் விலாஸ் கோக்ரே என்ற பாடகர் பாடுகிறார். இடதுசாரி மேடைகளில் வளர்ந்த தலித் கவிஞர். 1997 ஜூலை 11 அன்று மும்பை ரமாபாய் நகரில் அம்பேத்கர் சிலைக்குச் செருப்பு மாலை போடப்பட்டிருந்தது. கூடிய மக்கள்மீது காவல் துறை சுட்டதில் 10 பேர் இறந்தார்கள். சில நாட்களில் கோக்ரே தூக்கில் தொங்கினார். வாழ்நாளெல்லாம் செங்கொடியின் கீழ்ப் பாடியவர் சாகும்போது தலையில் கட்டியிருந்தது நீலத்துணி. ஏன் என்று தேடிப் போனதுதான் 14 ஆண்டுகள் எடுத்த 'ஜெய் பீம் காம்ரேட்'. மூன்று மணி நேரத்துக்கும் மேல் ஓடும் படம்.

அந்தப் படத்தின் அணுகுமுறை இந்தக் கட்டுரைக்கு மிக நெருக்கமானது. தலித் அடையாளம் என்றால் என்ன என்று பட்வர்தன் வரையறுக்கவில்லை. பின்னணிக் குரல் வைத்து விளக்கவும் இல்லை. பாடல்களை நீண்ட நேரம் ஓட விடுகிறார். குடிசைக்குள், தெருமுனையில், ஜெயந்தி விழாக் கூட்டத்தில் பாடுகிறவர்கள் தங்கள் வரலாற்றைத் தாங்களே சொல்கிறார்கள். அடுத்த நொடியில் குப்பை லாரியின் மேல் நிற்கும் துப்புரவுத் தொழிலாளி வருகிறார், தலித்துகளைப் பற்றி வசதியான வீட்டார் கூசாமல் பேசும் பேச்சு வருகிறது. வர்க்கமா சாதியா என்ற பழைய சண்டைக்கு நடுவில் ஒரு மனிதர் எப்படி நசுங்கிப் போனார் என்பது கொஞ்சம் கொஞ்சமாகத் தெரிகிறது. பட்வர்தன் தலித் அல்லர். அந்த விமர்சனம் அவர்மீது வைக்கப்படத்தான் செய்தது, வைக்கப்பட வேண்டியதும்கூட. ஆனால் 1986-ல் ஷபனா ஆஸ்மியோடு குடிசைவாசிகளுக்காக உண்ணாவிரதம் இருந்தவர் அவர். படம் முடிந்ததும் அதை ரமாபாய் நகரிலும் மற்ற சேரிகளிலும் திரை கட்டிக் காட்டியவர். முந்தைய படத்தில் அந்தப் பெண் கேட்ட கேள்வியை அவர் மறக்கவில்லை என்றே நான் படிக்கிறேன்.

தமிழ்நாட்டுக்கு வருவோம். 1998-ல் மதுரையில் ஆவணப்பட, குறும்பட விழாவைத் தொடங்கி 'மறுபக்கம்' அமைப்பின் வழியாக நடத்திவரும் அமுதன் ஆர்.பி., 2003-ல் 'பீ' எடுத்தார். 26 நிமிடம். மதுரையில் ஒரு கோயிலை ஒட்டிய தெருவில் மலம் அள்ளும் ஒரு பெண்ணின் பின்னாலேயே கேமரா நடக்கிறது. முகத்தைத் திருப்பிக்கொள்ள நமக்கு வழி விடாத படம். அந்தப் பெண் அதில் பரிதாபப் பொருள் இல்லை. தெருவில் நடப்பதையெல்லாம் தன் வாயாலேயே சொல்கிறார். தர்ஸ்டனின் பெயரற்ற மனிதர்களிலிருந்து இது எவ்வளவு தூரம் என்பதைப் பார்த்தவர்கள் அறிவார்கள்.

கூவாகம் கூத்தாண்டவர் விழாவைப் படமெடுக்கச் சித்திரை மாதம் எத்தனை கேமராக்கள் போகின்றன என்று கள்ளக்குறிச்சி மாவட்டத்துக்காரர்களைக் கேட்டால் தெரியும். தாலி அறுக்கும் காட்சியும் ஒப்பாரியும் வருடம் தவறாமல் வெளியாகின்றன. அஞ்சலி மான்டேரோவும் கே.பி. ஜெயசங்கரும் 2007-ல் எடுத்த 'அவர் ஃபேமிலி' அந்தக் கூட்டத்தை நம்பி எடுத்த படமன்று. தமிழ்நாட்டில் ஒரே குடும்பமாக வாழும் மூன்று தலைமுறைத் திருநங்கைகளின் வீட்டுக்குள் அது போகிறது. பிரீத்தம் சக்கரவர்த்தியின் ஓராள் நாடகத்தையும் ஊடே வைத்து, இது ஒருவர் நிகழ்த்திச் சொல்லும் கதையும்தான் என்று நமக்கு உணர்த்திக்கொண்டே இருக்கிறது. ஆண்டுக்கு ஒருநாள் விழாவை வைத்து ஒரு சமூகத்தை அடையாளம் காட்டுவதில் உள்ள அநீதி அந்த வீட்டைப் பார்த்தால் புரியும்.

திவ்யபாரதியின் 'கக்கூஸ்' 2017-ல் வந்தது. மலம் அள்ளும் வேலைக்கு ஆளமர்த்துவதைத் தடைசெய்யும் சட்டம் 2013-லேயே வந்த பிறகும் பல மாவட்டங்களில் அந்த வேலை எப்படித் தொடர்கிறது என்பதைத் தொழிலாளர்களே அதில் சொல்கிறார்கள். மலக்குழியில் இறந்தவர்களின் வீட்டார் பேசுகிறார்கள். அரங்கில் திரையிடக் காவல் துறை இடையூறு செய்ததால் அவர் படத்தை யூடியூபில் வெளியிட்டார். வழக்கும் கைதும் வந்தன. இன்னொரு திசையிலிருந்தும் எதிர்ப்பு வந்தது. தங்கள் சமூகத்தின் பெயர் அந்தத் தொழிலோடு சேர்த்துச் சொல்லப்பட்டுவிட்டது என்று அந்தச் சமூகத்தின் பேரால் பேசுகிறவர்கள் கொதித்தார்கள். தொலைபேசியில் வசவும் மிரட்டலும் குவிந்தன. மிரட்டியதை எந்த விதத்திலும் ஏற்க முடியாது. ஆனால் அதற்குள் இருந்த வலியைத் தள்ளிவிடவும் முடியாது. இழிவென்று சுமத்தப்பட்ட ஒரு பட்டியலிலிருந்து வெளியே வரத் துடிக்கும் மக்களுக்கு, திரையில் தங்கள் பெயர் ஒலிப்பது மறுபடி உள்ளே தள்ளப்படுவதுபோல இருக்கும். அக்ராவில் ஆடியவர்களுக்கும் பாரிஸ் மாணவர்களுக்கும் நடுவே ரூஷ் மாட்டிக்கொண்டதும் ஏறக்குறைய இதே இடத்தில்தான். ஒரு சமூகம் ஒரே வாயால் பேசாது. அந்தத் தொழிலாளியின் வாக்குமூலமா, அவருடைய சாதிக்காரத் தலைவரின் கௌரவமா என்றால், மலக்குழியில் இறங்குகிறவரின் பக்கமே படம் நிற்க வேண்டும். அதில் எனக்குச் சந்தேகம் இல்லை.

அந்தச் சமூகத்தில் பிறந்தவர் எடுத்தால் இந்தச் சிக்கல்கள் தீர்ந்துவிடுமா? பல தீரும். மொழி தெரியும், எது கேலி எது வேதனை என்று தெரியும், குனூக்குக்குத் தெரிந்ததுபோல எதைக் காட்டக் கூடாது என்றும் தெரியும். ஆனால் சொந்த ஊரின் பெண்களை, சொந்தச் சாதியின் ஏழைகளை மறைத்து 'நம்ம பெருமை' பாடும் படங்களை எடுப்பவர்களும் உள்ளே இருப்பவர்கள்தான். பிறப்பு ஒருவருக்குக் கதவைத் திறந்துவிடும். உள்ளே போனபின் யாரிடம் கேட்டார், யாருக்குக் காட்டினார் என்பதை வைத்தே படத்தை எடைபோட வேண்டும்.

இப்போது கேமரா எல்லோர் கையிலும் இருக்கிறது. ஊசிமணி விற்கும் நரிக்குறவர் குடியிருப்புக்கும் மலைக்கிராமத்துக்கும் போய் ஒரு மதியத்தில் வீடியோ எடுத்து இரவில் ஏற்றிவிடுகிறார்கள். கீழே வரும் ஏளனப் பேச்சுகளை அந்த வீட்டுப் பிள்ளைகள்தான் பள்ளிக்கூடத்தில் சுமக்கிறார்கள். ஒருமுறை கையெழுத்து வாங்கிவிட்டால் சம்மதம் என்று நினைப்பது போதாது. படம் எங்கெல்லாம் போகும் என்று தெரியாமல் போட்ட கையெழுத்து அது.

ஆவணப்படத்துக்குப் பணம் தரும் நிறுவனங்களும் விழா நடத்துபவர்களும் திரைப்படக் கல்லூரி ஆசிரியர்களும் ஒன்று செய்யலாம். எடுத்த ஊரில் முதல் திரையிடல் என்பதைத் திட்டத்திலேயே எழுதி, அதற்கான செலவைப் பட்ஜெட்டில் ஒதுக்க வேண்டும். இறுதிப் பிரதிக்கு முன்பு காட்ட வேண்டும், மாற்றுவதற்கு நாள் இருக்க வேண்டும். மாணவர்களிடம் படம் எத்தனை விழாக்களுக்குப் போனது என்று கேட்பதற்கு முன்னால், அந்த ஊரில் ஓடியதா, என்ன சொன்னார்கள், எதை மாற்றினாய் என்று கேளுங்கள்.